அம்மாவின் படபடப்பும் ஒரு சிறுநகரக் கிளினிக்கும்

டோக்கன் பதிவு செய்வதற்காகத் தொலைபேசியில் அழைத்தபோது, வரவேற்பில் இருந்த பெண் அம்மாவின் பெயரையும் வயதையும் எழுதிக்கொண்டு, "வீட்டுல இருக்கற மாத்திரை எல்லாத்தையும் ஒரு பையில போட்டுக் கொண்டு வாங்க. சாப்பிடறது, நிறுத்தினது, அடுத்த வீட்டுல கொடுத்தது, எதையும் விட்டுட வேண்டாம்" என்றார். எட்டு மாதங்களாக மருத்துவமனை மருத்துவமனையாக அலைந்ததில் இப்படிக் கேட்டவர்கள் இவர்கள்தாம் முதல். துணிப்பையில் இருந்த பதினேழு அட்டைகளை மேசையில் கொட்டிப் பிரித்தபோது, வயிற்று எரிச்சலுக்கான ஒரே மருந்து இரண்டு வணிகப் பெயர்களில் இருந்ததும், அம்மா இரண்டையும் நாள் தவறாமல் விழுங்கிக்கொண்டிருந்ததும் தெரியவந்தது. இரண்டு சீட்டுகளை எழுதியவர்களும் ஒருவர் சீட்டை ஒருவர் பார்த்ததில்லை.

காவிரிப் பாசனப் பகுதியில் உள்ள ஒரு சிறுநகரத்தில் இந்தக் கிளினிக் இருக்கிறது. பொது மருத்துவத்தில் எம்.டி. படித்த ஒருவர் ஞாயிறு தவிர்த்த எல்லா மாலைகளிலும், மனநல மருத்துவர் ஒருவர் செவ்வாய், வெள்ளி மாலைகளில் அடுத்த அறையிலும் நோயாளிகளைப் பார்க்கிறார்கள். இருவரும் ஒரே நோயாளிக் கோப்பில்தான் எழுதுகிறார்கள் என்பதைக் கவனத்தில் கொள்ள வேண்டும். இந்த இடத்தின் தனிச்சிறப்பு அதுவே என்று எனக்குப் படுகிறது. கிளினிக்கின் பெயரை எழுதினால், அந்த ஊரில் அம்மா யார் என்பதை அரை நாளில் கண்டுபிடித்துவிடுவார்கள். எழுதுவதற்குச் சம்மதித்த அம்மா, பெயர் மட்டும் வேண்டாம் என்று சொல்லிவிட்டார்.

அம்மாவுக்கு வயது 67. பதினான்கு ஆண்டுகளாகச் சர்க்கரை நோய், ஒன்பது ஆண்டுகளாக இரத்த அழுத்தம். அப்பா இறந்து இரண்டு ஆண்டுகள் ஆகின்றன. கடந்த ஆண்டு ஆடி மாதத்திலிருந்து விடியற்காலையில் நெஞ்சு படபடப்பு, பாதங்களில் காந்தல், எழுந்து நின்றால் தலைச்சுற்றல், தூக்கமின்மை, பசியின்மை, வைத்த பொருளை வைத்த இடம் மறந்துபோவது என ஒன்றன்பின் ஒன்றாக வந்து சேர்ந்தன. படபடப்புக்கு இதய நிபுணரிடம் சென்றோம். ஈசிஜியும் எக்கோவும் சரியாக இருப்பதாகச் சொல்லி அனுப்பினார். காந்தலுக்கு வேறொரு மருத்துவர் நரம்புச் சத்து மாத்திரை எழுதினார். மூன்று மாதச் சராசரிச் சர்க்கரையைக் காட்டும் எச்பிஏ1சி 8.1 என வந்ததைப் பார்த்த இன்னொருவர் கிளிமிப்பிரைடு மாத்திரையைச் சேர்த்தார். தூக்கத்துக்கென்று எங்கோ எழுதிக் கொடுத்த அல்பிரசோலம் 0.25 மாத்திரையை, அந்தப் பழைய சீட்டைக் காட்டியே ஏழு மாதங்களாக மருந்துக் கடையில் வாங்கிக்கொண்டிருந்தோம். தனித்தனியாகப் பார்த்தால் அவர்களில் எவரையும் பெருந்தவறு செய்தவர் என்று சொல்ல மாட்டேன். ஆனால் அம்மா என்ற முழு ஆளை அவர்களில் ஒருவரும் பார்த்திருக்கவில்லை.

முதல் நாள் செவிலியர் அம்மாவைச் சாய்வு நாற்காலியில் உட்கார வைத்து, கால்களைத் தரையில் ஊன்றச் சொல்லி, கையை மேசைமேல் நெஞ்சுக்கு நேராக வைத்து, ஐந்து நிமிடம் பேசாமல் இருக்கச் சொன்னார். காபி குடித்து அரை மணி நேரம் ஆகிவிட்டதா, சிறுநீர் கழித்துவிட்டீர்களா என்று கேட்டார். அம்மாவின் பருத்த புயத்துக்கு அகலமான பட்டையை எடுத்துச் சுற்றினார். பட்டை சிறியதாக இருந்தால் அழுத்தம் உள்ளதைவிடக் கூடுதலாகக் காட்டும் என்பது மருத்துவப் பாடத்தின் தொடக்க நிலைச் செய்தி. இருந்தும், மாடிப்படி ஏறி மூச்சிரைத்து வந்தவரின் சேலைத் தலைப்புக்கு மேலேயே பட்டையைச் சுற்றி அளந்து, மாத்திரையைக் கூட்டி எழுதிய இடத்தையும் நாங்கள் பார்த்திருக்கிறோம். இங்கே இரண்டு முறை அளந்த பிறகு, எழுந்து நிற்கச் சொல்லி முதல் நிமிடத்திலும் மூன்றாம் நிமிடத்திலும் மறுபடி அளந்தார்கள். உட்கார்ந்திருந்தபோது மேல் அளவு 142, நின்றபோது 116. இருபது புள்ளிக்கு மேல் இறங்கினால் அது கணக்கில் கொள்ள வேண்டிய இறக்கம் என்றும், நெடுநாள் சர்க்கரை நோயாளிகளின் நரம்புகள் பழுதுபடும்போது இவ்வாறு நேர்வதுண்டு என்றும், தலைச்சுற்றலுக்குக் காதையோ கழுத்து எலும்பையோ குறைசொல்வதற்கு முன் இதைப் பார்த்தாக வேண்டும் என்றும் மருத்துவர் விளக்கினார். இதற்கு ஆன செலவு மூன்று நிமிடம்.

பிறகு கேள்விகள் தொடங்கின. படபடப்பு எத்தனை மணிக்கு வருகிறது, வியர்க்கிறதா, கை நடுங்குகிறதா, எதையாவது சாப்பிட்டால் தணிகிறதா? விடியற்காலை மூன்று மணி வாக்கில் வரும், நைட்டி நனைந்துவிடும், ஒரு வாழைப்பழம் சாப்பிட்டால் அடங்கும் என்று அம்மா சொன்னார். எனக்குத் தெரிந்து இந்த வாழைப்பழத்தைப் பற்றி அம்மாவிடம் அதுவரை யாரும் கேட்டதில்லை. வீட்டில் சர்க்கரை பார்க்கும் கருவி இருக்கிறதா என்று கேட்டு, அன்றிரவு படபடப்பு வந்ததும் வாழைப்பழத்துக்கு முன் ஒரு துளி இரத்தம் எடுத்துப் பார்க்கச் சொன்னார். 62 என்று வந்தது. எழுபதுக்குக் கீழே போனால் அது தாழ்சர்க்கரை. இரவில் அரை இட்லியோடு எழுந்துவிடுகிற அம்மாவுக்கு, உணவு இருந்தாலும் இல்லாவிட்டாலும் இன்சுலினைச் சுரக்க வைக்கும் கிளிமிப்பிரைடு செய்த வேலை அது. மறுநாளே அந்த மாத்திரை நிறுத்தப்பட்டது. விடியற்காலைப் படபடப்பில் முக்கால் பங்கு ஒரு வாரத்துக்குள் போய்விட்டது.

அப்படியானால் 8.1 என்று காட்டிய எச்பிஏ1சி பொய்யா? இந்தக் கேள்விக்கு மருத்துவர் சொன்ன விடைதான் என்னை அவர்மீது நம்பிக்கை கொள்ள வைத்தது. அந்தச் சோதனை சிவப்பணுக்களில் ஒட்டியிருக்கும் சர்க்கரையை அளக்கிறது. இரும்புச்சத்தோ பி12 உயிர்ச்சத்தோ குறைந்து சோகை ஏற்பட்டால் பழைய அணுக்கள் கூடுதல் காலம் சுற்றிக்கொண்டிருப்பதால், உண்மையைவிட உயர்ந்த எண் வரக்கூடும். அம்மாவின் ஈமோகுளோபின் 9.8, பி12 அளவும் மிகக் குறைவு. சர்க்கரை நோய்க்கான மெட்ஃபார்மின் மாத்திரையைப் பல ஆண்டுகள் உட்கொள்வோருக்குப் பி12 குறைவது நன்கு அறியப்பட்ட செய்தி. அமிலத்தைக் குறைக்கும் வயிற்று மாத்திரையும் நெடுநாள் தொடர்ந்தால் அதே வேலையைச் செய்யும். அம்மா அதை இரட்டை அளவில் எடுத்துக்கொண்டிருந்தார். பாதக் காந்தலுக்கும் மறதிக்கும் சோர்வுக்கும் இதில் ஒரு பங்கு இருக்கலாம் என்று கூறி, ஊசியாகப் பி12 தொடங்கினார். முழுப் பழியையும் அதன்மேல் போடவில்லை என்பதையும் சொல்ல வேண்டும். தைராய்டைக் காட்டும் டிஎஸ்எச் 6.1 என்று சற்றே கூடுதலாக இருந்தபோது, இந்த வயதில் இந்த அளவுக்கு உடனே மாத்திரை தேவையில்லை, மூன்று மாதம் கழித்து மீண்டும் பார்ப்போம் என்று விட்டுவிட்டார். எழுதாமல் விடுவதற்கும் ஒரு துணிவு வேண்டும். சீட்டு நிறைய மருந்து எழுதாத மருத்துவரை நம் ஊரில் கைராசிக்காரர் என்று யாரும் சொல்வதில்லை.

இதற்குப் பிறகுதான் என்னை வெளியே போகச் சொன்னார். மகன் முன்னால் தாய் சில செய்திகளைச் சொல்ல மாட்டார் என்பது அவருக்குத் தெரிந்திருந்தது. உள்ளே நடந்ததை அம்மா பின்னர் என்னிடம் தானே சொன்னார். மனச்சோர்வை மதிப்பிட உலகெங்கும் பயன்படும் பிஎச்கியூ-9 என்ற ஒன்பது கேள்விகளை, தாளைப் பார்த்து ஒப்பிக்காமல், பேச்சோடு பேச்சாகக் கேட்டிருக்கிறார். கடந்த இரண்டு வாரங்களில் எத்தனை நாள் எதிலும் விருப்பமில்லாமல் இருந்தது, தூக்கம் எப்படி, பசி எப்படி, தன்னைத்தானே நொந்துகொண்ட நாட்கள் உண்டா என்று ஒவ்வொன்றுக்கும் சுழியம் முதல் மூன்று வரை மதிப்பெண், மொத்தம் 27. அம்மாவின் கூட்டல் 16. ஒன்பதாவது கேள்வி, இறந்துவிடலாம் என்ற எண்ணம் வந்ததுண்டா என்பது. "அவர் போன பிறகு நானும் போய்ச் சேர்ந்துட்டா யாருக்கும் பாரமில்லைன்னு தோணும் தம்பி" என்று அம்மா சொல்லியிருக்கிறார். தானாக எதுவும் செய்துகொள்ளத் திட்டமிட்டதுண்டா, வீட்டில் பூச்சிமருந்து இருக்கிறதா, மாத்திரைகள் யார் கையில் இருக்கின்றன என்று அவர் அடுத்தடுத்துக் கேட்டிருக்கிறார். இப்படி நேராகக் கேட்டால் அந்த எண்ணத்தை நாமே விதைத்துவிடுவோம் என்று என்னைப் போலவே பலர் அஞ்சுகிறார்கள். அம்மாவோ, கேட்டதும் நெஞ்சிலிருந்து ஒரு கல் இறங்கியது போலிருந்தது என்றார்.

ஒன்பது கேள்விகள் நோயை உறுதி செய்யப் போதாது. அவை கதவைத் தட்டும் கருவி மட்டுமே. சோகை உள்ள ஒருவருக்கும் சோர்வு, பசியின்மை, தூக்கக் குறைவு என்று எண் ஏறிவிடும். அதனால் அந்த வெள்ளிக்கிழமையே மனநல மருத்துவரைப் பார்க்க ஏற்பாடு செய்தார்கள். அவர் ஐம்பது நிமிடம் எடுத்துக்கொண்டார். அம்மா "மனசு சரியில்லை" என்று ஒருமுறைகூடச் சொல்லவில்லை. "உடம்புல தெம்பில்லை, நெஞ்சு பிசையுது, உள்ளுக்குள்ள ஒரே பயம்" என்றுதான் சொன்னார். நம் வீட்டுப் பெரியவர்களுக்கு மனச்சோர்வு பெரும்பாலும் உடம்பின் வழியாகவே பேசும் என்பதை அறிந்தவரைப் போல, அந்தச் சொற்களையே பிடித்துக்கொண்டு பேச்சை நடத்தினார். அப்பாவை நினைத்து அழுவது துக்கம். அப்பாவைப் பற்றிப் பேசினாலும் பேரப்பிள்ளை வந்தாலும் எதுவும் மனத்தில் ஒட்டாமல் போவது வேறு என்று அம்மாவுக்குப் புரியும்படி பிரித்துக் காட்டினார். வாழ்க்கையில் எப்போதாவது தூக்கமே தேவைப்படாமல், அளவுக்கு மீறிய உற்சாகத்தோடும் செலவோடும் இருந்த நாட்கள் உண்டா என்று கேட்டார். இருமுனை மனநிலைக் கோளாறு உள்ளவர்களுக்கு மனச்சோர்வு மாத்திரையை மட்டும் கொடுத்தால் நிலைமை தலைகீழாகப் புரண்டுவிடக்கூடும் என்பதற்காக அந்தக் கேள்வி. மறதிக்காகச் சிறிய நினைவுச் சோதனை ஒன்றையும் செய்து, இப்போதைக்கு இது முதுமை மறதி நோயாகத் தோன்றவில்லை, மனச்சோர்வு தெளிந்த பின் மறுபடி பார்ப்போம் என்றார்.

மனச்சோர்வுக்கான எசிட்டலோப்பிராம் மாத்திரையை 5 மில்லிகிராமில் தொடங்கினார். முதல் வாரம் குமட்டலும் அமைதியின்மையும் வரலாம், பலன் தெரிய இரண்டு முதல் ஆறு வாரம் ஆகும், நன்றாகிவிட்டது என்று தோன்றினாலும் அதற்குப் பிறகு ஆறு மாதமாவது நிறுத்தக்கூடாது, இது பழக்கமாகிவிடும் தூக்க மாத்திரை வகை அன்று என்று நான்கு செய்திகளையும் அம்மாவைத் திருப்பிச் சொல்ல வைத்தார். பழக்கமாகிவிடும் வகையான அல்பிரசோலத்தை ஒரே நாளில் நிறுத்தாமல் பத்து வாரங்களில் படிப்படியாகக் குறைக்க அட்டவணை போட்டுக் கொடுத்தார். திடீரென்று நிறுத்தினால் படபடப்பும் தூக்கமின்மையும் முன்னைவிடக் கூடி வரும், சிலருக்கு வலிப்புகூட வரலாம். நிறுத்தாமலே தொடர்ந்தால் முதியவர்கள் இரவில் கழிப்பறைக்குப் போகும்போது விழுந்து இடுப்பை முறித்துக்கொள்வார்கள். அது மருந்துக் கடைக்காரர் தனிப் பதிவேட்டில் எழுதி, மருத்துவரின் சீட்டுக்கு மட்டுமே கொடுக்க வேண்டிய எச்1 அட்டவணை மருந்து என்பதை அன்றுதான் அறிந்தேன். ஏழு மாதங்களாக அந்தப் பதிவேட்டை நான் பார்த்ததில்லை.

இந்த இடத்துக்கு நான் உயர்ந்த மதிப்பெண் தருவதற்கான உண்மையான காரணம் பதினான்காம் நாளில் இருக்கிறது. அம்மாவின் இரத்த அழுத்த மாத்திரையில் டெல்மிசார்டனோடு, சிறுநீரைப் பெருக்கும் ஹைட்ரோகுளோரோதயசைடும் கலந்திருந்தது. இவ்வகைச் சிறுநீர்ப்பெருக்கி, எசிட்டலோப்பிராம் போன்ற மருந்து, அறுபதைக் கடந்த வயது ஆகிய மூன்றும் சேர்ந்தால் இரத்தத்தில் சோடியம் இறங்கக்கூடும் என்று இருவரும் கோப்பில் முன்கூட்டியே எழுதி, இரண்டாம் வாரத்தில் சோதனைக்கு நாள் குறித்திருந்தார்கள். அந்த வாரம் அம்மா முன்னைவிடச் சோர்ந்து, குழறலாகப் பேசினார்; மனச்சோர்வு முற்றிவிட்டது என்றே நாங்கள் நினைத்தோம். சோதனையில் சோடியம் 128. இயல்பு அளவு 135 முதல் 145 வரை. அன்று மாலையே கிளினிக்கிலிருந்து அழைத்து இரண்டு மாத்திரைகளையும் நிறுத்தச் சொன்னார்கள். மறுநாள் நேரில் வரவழைத்துப் பார்த்து, அழுத்தத்துக்கு டெல்மிசார்டனை மட்டும் தனியாகவும், மனச்சோர்வுக்கு இந்தத் தொல்லை குறைவாக உள்ள மிர்ட்டசபினை இரவில் 7.5 மில்லிகிராமாகவும் மாற்றினார்கள். எட்டு நாளில் சோடியம் 136 ஆயிற்று. கோப்பு இரண்டாக இருந்திருந்தால், ஒருவர் மனச்சோர்வு கூடிவிட்டது என்று மாத்திரையைக் கூட்டியிருப்பார், மற்றவருக்கு அது தெரிந்தே இருக்காது. மிர்ட்டசபின் பசியையும் எடையையும் கூட்டும் என்பதால் சர்க்கரையைக் கவனிக்க வேண்டும் என்ற குறிப்பையும் அதே பக்கத்தில் எழுதி வைத்தார்கள்.

மாத்திரைக்கு அப்பால், நாள்தோறும் செய்ய வேண்டிய இரண்டு சிறு வேலைகளைத் தாளில் எழுதி, செய்தாயிற்றா, செய்தபோது மனம் எப்படி இருந்தது என்று குறிக்கச் சொன்னார்கள். மனம் தெளிந்த பிறகு வேலை என்று காத்திருக்காமல், வேலையைத் தொடங்கி மனத்தை இழுத்து வரும் சிகிச்சை முறை இது. அம்மா தேர்ந்தெடுத்தவை மல்லிகைச் செடிக்குத் தண்ணீர் ஊற்றுவதும், தெருக்கோடி வரை நடந்து தன் தங்கையைப் பார்த்து வருவதும். நான்காம் மாதத்தில் பிஎச்கியூ-9 எண் 6க்கு இறங்கியது. பாதக் காந்தல் பாதியளவு இன்னும் இருக்கிறது. நரம்பு பழுதானது முழுமையாகத் திரும்பாது என்று முதலிலேயே சொல்லியிருந்ததால் ஏமாற்றமில்லை.

இதற்கிடையே கல்லூரியில் படிக்கும் என் அக்கா மகனையும் ஒருமுறை அழைத்துச் சென்றேன். மாரடைப்பு வந்துவிட்டது என்று நடுங்கியபடி வந்தவனுக்கு, வயதைப் பார்த்துப் பதற்றம் என்று தள்ளிவிடாமல் ஈசிஜி எடுத்து, தைராய்டும் சோகையும் பார்த்து, அவற்றுக்குப் பிறகே இது பீதித் தாக்கு, அதாவது திடீரெனப் பொங்கும் அச்சம் என்று சொல்லி மூச்சுப் பயிற்சியும் மனநல மருத்துவரிடம் நேரமும் கொடுத்தார்கள். சாதாரணக் காய்ச்சலுக்குப் போனவர்கள் பாராசிட்டமாலோடு திரும்பி வந்து, ஒரு ஆன்ட்டிபயாட்டிக்கூட எழுதவில்லை என்று குறைப்பட்டுக்கொள்வதையும் அங்கே கேட்டிருக்கிறேன். நான் அதைப் பாராட்டாகவே எடுத்துக்கொள்கிறேன்.

இனிக் குறைகள். டோக்கன் காலை ஏழு மணிக்குத் தொலைபேசியில் மட்டும். ஏழே காலுக்குத் தீர்ந்துவிடுகிறது. டோக்கன் கிடைத்தாலும் காத்திருப்பு இரண்டு மணி நேரத்துக்குக் குறைவதில்லை. ஒவ்வொருவருக்கும் நேரம் கொடுப்பதன் விலை அது என்று புரிந்தாலும், சர்க்கரை நோயாளிகள் இரவு ஒன்பது மணி வரை சாப்பிடாமல் உட்கார்ந்திருப்பது பொருத்தமாக இல்லை. இதைவிடப் பெரிய குறை, வரவேற்பறையில் நின்றுகொண்டு "மன டாக்டரைப் பார்க்கறவங்க யாரு?" என்று உரக்கக் கேட்பது. உள்ளே அவ்வளவு நயமாகப் பேசுகிறவர்கள் வெளியே இதைக் கவனிக்காமல் இருப்பது வியப்பளிக்கிறது; முதல் முறை அம்மா எழுந்திருக்கவே மறுத்துவிட்டார். டோக்கன் எண்ணைச் சொல்லி அழைத்தால் போதுமானது. சீட்டு ஆங்கிலத்தில் மட்டுமே இருக்கிறது. கேட்டால் தமிழில் எழுதித் தருகிறார்கள், ஆனால் கேட்க வேண்டியிருக்கிறது. அவர்களுடைய ஆய்வகத்தில் பி12 சோதனைக்கு 1,100 ரூபாய் வாங்கினார்கள். பேருந்து நிலையத்துக்கு எதிரே அதே சோதனை 750 ரூபாய். வெளியே செய்து வந்தால் மறுப்பதில்லை என்பதையும் நேர்மையாகச் சொல்லிவிடுகிறேன்.

பொது மருத்துவருக்குக் கட்டணம் 300 ரூபாய், மனநல மருத்துவருக்கு முதல் முறை 600, பின்னர் 400. இந்தச் செலவு முடியாதவர்களுக்கு வேறு வழி இல்லாமலில்லை. மாவட்டத் தலைமை மருத்துவமனைகளிலும் அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனைகளிலும் மனநலப் புறநோயாளிப் பிரிவும் மருந்தும் இலவசம். 2021 ஆகஸ்ட் 5 அன்று கிருஷ்ணகிரி மாவட்டத்தில் தொடங்கப்பட்ட மக்களைத் தேடி மருத்துவம் திட்டத்தில் சர்க்கரை, இரத்த அழுத்த மாத்திரைகள் வீட்டுக்கே வருகின்றன. மனம் தாங்காத நேரத்தில் பேசுவதற்கு 2022 அக்டோபர் 10 அன்று தொடங்கிய டெலி மானஸ் உதவி எண்ணான 14416, இரவும் பகலும் கட்டணமின்றி இயங்குகிறது, தமிழில் பேசலாம். அடுத்த டோக்கனுக்குக் காத்திருக்க முடியாத நிலையில் உள்ளவர்கள் அந்த எண்ணை அழைக்கட்டும், அல்லது நேராக அவசரச் சிகிச்சைப் பிரிவுக்குப் போகட்டும். இந்தக் கிளினிக்கில் படுக்கை கிடையாது, இரவில் யாரும் இருப்பதில்லை. தன்னை மறந்த நிலையில் இருப்பவரையோ, நெஞ்சுவலியோடு வியர்த்துக் கொட்டுபவரையோ இங்கே அழைத்து வந்து நேரத்தை வீணாக்கக்கூடாது.

பல ஆண்டுகளாகச் சர்க்கரைக்கும் அழுத்தத்துக்கும் மருந்து எடுத்துக்கொண்டு, எல்லாச் சோதனையும் சரி என்று சொல்லப்பட்ட பிறகும் தேறாமல் இருக்கும் பெரியவர்கள் வீட்டில் இருந்தால், இப்படி ஒரே கோப்பில் இருவர் எழுதும் இடத்தைத் தேடிப் போகச் சொல்வேன். ஐந்துக்கு நான்கு கொடுக்கிறேன். குறைத்த ஒன்றில் பாதி வரவேற்பறைக் குரலுக்கு. மீதிப் பாதி கழிப்பறைக்கு. நின்றால் அழுத்தம் இறங்குகிறதா என்று ஒவ்வொரு முதியவருக்கும் அளந்து பார்க்கும் அந்தக் கிளினிக்கில், கழிப்பறைச் சுவரில் பிடித்து எழுந்திருக்க ஒரு கைப்பிடி இல்லை. மருத்துவரிடமே சொன்னேன், குறித்துக்கொண்டார். கடந்த வெள்ளிக்கிழமை போனபோது சுவரில் ஆணி அடிக்க அடையாளம் மட்டும் போட்டிருந்தார்கள்.